மூக்குக்குச் சாதி கிடையாது

மனிதர்களும் விலங்குகளும் உணர்ச்சிகளை எப்படி வெளிக்காட்டுகிறார்கள் என்பது பற்றி சார்லஸ் டார்வின் 1872இல் ஒரு புத்தகம் எழுதினார். அதில் அருவருப்பைப் பற்றிப் பேச வரும்போது தன் இளமைக்கால கடற்பயணத்தில் நடந்த ஒரு சின்னச் சம்பவத்தைச் சொல்கிறார். இடம் தென்அமெரிக்காவின் கடைக்கோடியில் இருக்கும் டியரா டெல் ஃபூகோ. டார்வின் பதப்படுத்திய குளிர்ந்த இறைச்சியைச் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறார். அந்த மண்ணின் பூர்வகுடி ஒருவர் வந்து அந்த இறைச்சியை விரலால் தொட்டுப் பார்க்கிறார். கொழகொழவென்று இருந்ததால் அவருக்கு அருவருப்பு. அதே நேரத்தில் டார்வினுக்கும் அருவருப்பு. தன் சாப்பாட்டை ஒரு நிர்வாணக் காட்டுமிராண்டி தொட்டுவிட்டானே என்று. இதோடு இன்னொன்றையும் டார்வின் மறைக்காமல் எழுதிவைக்கிறார். அந்த மனிதரின் கை அழுக்காகத் தெரியவில்லை.

இந்தக் கடைசி வாக்கியத்தை எழுத நேர்மை வேண்டும். நம்ம ஊரில் தேநீர்க்கடைக்காரர் ஒருவர்கூட அந்த வாக்கியத்தைச் சொன்னதில்லை. கண் பார்க்கிறது, கை சுத்தமாக இருக்கிறது என்று சொல்கிறது. வயிறு மட்டும் புரட்டுகிறது. கண் சொன்னதை வயிறு ஏன் கேட்கவில்லை?

இரண்டு பேருக்கும் அருவருப்பு என்று டார்வின் ஒரே தட்டில் வைத்து எழுதுகிறார். ஆனால் இரண்டும் ஒன்றல்ல. பூர்வகுடிக்கு அருவருப்பு இறைச்சியைப் பார்த்து. டார்வின் என்ற ஆளைப் பார்த்து அல்ல. டார்வினுக்கு அருவருப்பு ஆளைப் பார்த்து. ஒருவருக்குப் பொருள், இன்னொருவருக்குப் பிறப்பு. தீண்டாமை பற்றி அறிவியலின் பெயரால் இன்று பேசப்படுகிற பலவும் இந்த இரண்டையும் ஒன்றாகக் குழப்புவதில்தான் தொடங்குகிறது. இந்தக் கட்டுரை அந்தக் குழப்பத்தைப் பற்றியது.

எதற்கு இப்போது இது? படிப்பு வட்டம் ஒன்றில் ஒரு கல்லூரி மாணவர் கேட்டார்: "தோழர், அருவருப்பு பரிணாமத்துல வந்த இயல்பூக்கம்னு அறிவியலே சொல்லிருச்சே. அப்ப தீண்டாமையும் மனுசனோட இயற்கைதானா? அப்பிடின்னா நாம எதை ஒழிக்கப் போறோம்?" கேட்டவர் சாதி இந்து இல்லை. நம்ம தெருப் பிள்ளை. இந்தக் கேள்விக்கு நம்ம பக்கத்தில் வழக்கமாகச் சொல்லப்படும் பதில் ஒன்று உண்டு. இயல்பூக்கமெல்லாம் பொய், எல்லாமே சமூகம் கட்டியது என்று ஒரே போடாகப் போட்டுவிடுவது. எனக்கு அந்தப் பதிலில் உடன்பாடு இல்லை. அறிவியலைப் பார்த்து ஓடினால் அறிவியல் அவர்கள் சொத்தாகிவிடும். கிணறு மாதிரி.

முதலில் பரிணாம உளவியல்காரர்கள் என்ன சொல்கிறார்கள் என்று நியாயமாகப் பார்ப்போம்.

பிரிட்டனின் வேலரி கர்டிஸ் வாழ்நாள் முழுக்க அருவருப்பைப் படித்தவர். அவரும் அவரது குழுவினரும் 2004இல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். பல நாடுகளைச் சேர்ந்த சுமார் 40,000 பேரிடம் படங்களைக் காட்டி, எது அருவருப்பாக இருக்கிறது என்று கேட்டார்கள். நீல நிறத் திரவத்தைவிட சீழும் ரத்தமும் போலத் தெரியும் திரவம்தான் எல்லா இடத்திலும் அதிகமாகக் குமட்டியது. மலம், வாந்தி, சீழ், அழுகிய இறைச்சி, பிணம். பட்டியல் எங்கே போனாலும் ஏறக்குறைய இதுதான். காரணம் எளிது. இவையெல்லாம் நோய்க்கிருமிகள் குடியிருக்கும் இடங்கள். இவற்றிலிருந்து விலகிய மூதாதையர் பிழைத்தார்கள், பிள்ளை பெற்றார்கள். விலகாதவர்களில் பலர் செத்தார்கள். கிருமி என்றால் என்னவென்று யாருக்கும் தெரியாத காலத்திலேயே உடம்புக்கு அது தெரிந்திருந்தது. கனடாவின் மார்க் ஷாலர் இதை நடத்தையால் நடக்கும் நோய்த்தடுப்பு என்கிறார். ரத்தத்தில் ஒரு காவல் இருப்பதுபோல மூக்கிலும் நாக்கிலும் ஒரு காவல்.

அமெரிக்காவின் பால் ரோசின் இன்னொன்றைக் காட்டினார். கிருமிநீக்கம் செய்யப்பட்ட செத்த கரப்பான் பூச்சியைப் பழச்சாற்றில் முக்கி எடுத்துவிட்டு, குடியுங்கள் என்றார். ஆபத்தில்லை என்று தெரிந்தும் ஆட்கள் மறுத்தார்கள். ஒருமுறை பட்டது பட்டதுதான் என்று மனசு கணக்குப் போடுகிறது. இரட்டைக் குவளை வைத்த கடையை அறிந்த நமக்கு இது புதிதல்ல. எத்தனை முறை கழுவினாலும் அந்தக் குவளை அந்தக் குவளைதான்.

அதே ரோசின் குழுவினர் சின்னக் குழந்தைகளிடமும் சோதித்தார்கள். நிலக்கடலை வெண்ணெயும் வாடை அடிக்கும் பாலாடைக்கட்டியும் கலந்து நாய்ப் பீ போலச் செய்து தட்டில் வைத்தார்கள். இரண்டு வயதுக்குட்பட்ட குழந்தைகளில் பாதிக்கு மேல் அதை வாயில் போட்டுக்கொண்டன. நாலைந்து வயதானதும் மறுக்கத் தொடங்குகின்றன. ஆக, அருவருக்கும் திறன் பிறப்பில் வருகிறது, எதை அருவருப்பது என்பதைப் பெரியவர்களின் முகம் சொல்லித்தருகிறது. பேசும் திறன் பிறப்பில் வந்தாலும் எந்த மொழி என்பதை வீடு சொல்லித்தருகிற மாதிரி.

இதுவரை எனக்கு எந்த மறுப்பும் இல்லை. சொல்லப்போனால் நமக்கு வேண்டிய அறிவியல் இது. ஏனென்றால் இது எல்லா மனிதருக்கும் ஒரே மூக்கைத் தருகிறது.

இந்தியாவில் மூக்குக்கு ஒரு கதை உண்டு. வெள்ளைக்கார அதிகாரி ரிஸ்லி 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் மூக்கின் அகலத்தையும் நீளத்தையும் அளந்து சாதிக்கு இனக்கணக்கு எழுதினார். மேல்சாதி என்றால் கூர்மூக்கு, கீழ்ச்சாதி என்றால் சப்பை மூக்கு என்றார். அம்பேத்கர் 1948இல் தீண்டப்படாதோர் பற்றிய நூலில் குர்யே தந்த மூக்கு அளவுகளையே எடுத்து வைத்து, பார்ப்பனரும் தீண்டப்படாதவரும் ஒரே இனம்தான் என்று காட்டி அந்தக் கதையை முடித்துவைத்தார். வெளியிலிருந்து அளந்த மூக்கு அது. உள்ளிருந்து மோந்து பார்க்கும் மூக்கைப் பற்றி யாரும் கேட்கவில்லை.

நான் கேட்கிறேன். என் அப்பத்தா ஒரு சின்ன ஊரில் எடுப்புக் கக்கூஸ் அள்ளியவர். தகரம், வாளி, சாம்பல் இவைதான் ஆயுதம். கல்யாணமாகி வந்த முதல் நாள் வேலைக்குப் போய் வாந்தி எடுத்தாராம். மாமியார் சொன்னது: "மூணு நாளைக்கு அப்பிடித்தான் இருக்கும், அப்பறம் பழகிரும்." பழகவில்லை. புகையிலை போட்டுக்கொண்டார். "மூக்கு செத்தாத்தாண்டா கை வேலை செய்யும்" என்று என்னிடமே சொல்லியிருக்கிறார். சாகும்வரை பருப்புக் குழம்பைத் தொட்டதில்லை. நிறம் பிடிக்காது.

கர்டிசின் 40,000 பேருக்கு என்ன மூக்கோ அதுதான் என் அப்பத்தாவுக்கும். பரிணாமம் அவருக்கு மட்டும் வேறு மூக்கு வைக்கவில்லை. பழகிப்போன சனம், அதுகளுக்கு ஒண்ணும் தெரியாது என்று சொல்கிறவர்களுக்கு எதிரான முதல் சாட்சி பரிணாம உயிரியல்தான். மலக்குழியில் இறங்குகிறவன் குடித்துவிட்டு இறங்குகிறான் என்று ஏளனம் பேசுகிறவர்கள், அவன் எதைச் சாகடிக்கக் குடிக்கிறான் என்று கேட்பதில்லை. பல லட்சம் வருசம் மனிதனைக் காப்பாற்றிய ஒரு காவலை ஒவ்வொரு நாள் காலையும் கொன்றுவிட்டு வேலைக்குப் போகச் சொல்கிறோம். அதற்குப் பெயர் தூய்மைப் பணி.

இன்னொன்றையும் அப்பத்தா சொல்வார். வாளியோடு போகும்போது வீட்டுக்காரம்மா முந்தானையால் மூக்கைப் பொத்துவார், அதில் அப்பத்தாவுக்கு வருத்தமில்லை. "நாத்தத்துக்கு யாரா இருந்தாலும் பொத்தத்தான் செய்வா." தீபாவளி அன்றைக்குக் குளித்து, தலையில் எண்ணெய் வைத்து, வெளுத்த சேலை கட்டிக் காசு வாங்கப் போவார். அப்போதும் முந்தானை மூக்குக்குப் போகும். காசு படியில் விழும். "அன்னைக்கு என்னடா நாத்தம்?" இந்தக் கேள்வியை எந்த ஆய்வுக்கூடத்திலும் இதைவிடச் சரியாக வடிவமைக்க முடியாது. வாளியை எடுத்துவிட்டால் அருவருப்பும் போக வேண்டும். போகவில்லை என்றால் அது வாளி மீதான அருவருப்பே அல்ல.

இனி, அறிவியல் எங்கே வழி தவறுகிறது என்று பார்ப்போம்.

வரலாற்றாசிரியர் வில்லியம் மக்னீல் 1976இல் கொள்ளைநோய்களின் வரலாறு எழுதினார். பெரிய நூல், படிக்க வேண்டிய நூல். அதில் இந்தியச் சாதி பற்றி ஓர் ஊகம் செய்கிறார். சாதிகளுக்கு இடையே தொடக்கூடாது, பட்டால் குளிக்க வேண்டும் என்ற விதிகளுக்குப் பின்னால் நோய் பயம் இருந்திருக்கலாம் என்கிறார். மேலோட்டமாகக் கேட்டால் சரி போலத்தான் இருக்கிறது.

ஜோனதன் ஹெய்ட் என்ற அமெரிக்க உளவியலாளர் 2012இல் எழுதிய ஒழுக்க மனம் பற்றிய புத்தகம் உலகம் முழுக்க விற்றது. நம்ம ஊர் அறிவாளிகளும் மேற்கோள் காட்டுகிறார்கள். தூய்மை, புனிதம் என்பது மனித ஒழுக்கத்தின் அடித்தளங்களில் ஒன்று, அது நோயிலிருந்து தப்பப் பரிணாமம் தந்த அருவருப்பிலிருந்து வளர்ந்தது என்பது அவர் வாதம். இந்தப் புரிதல் தனக்கு வந்த இடமாக அவர் சொல்வது ஒடிசாவின் புவனேஸ்வரத்தை. 1993இல் மூன்று மாதம் அங்கே இருந்திருக்கிறார். ஆண்களோடு உட்கார்ந்து சாப்பிடுகிறார். மனைவிமார் பேசாமல் பரிமாறிவிட்டு அடுக்களைக்குப் போகிறார்கள். வேலைக்காரர்களிடம் இன்னும் கண்டிப்பாக இருக்க வேண்டும், நன்றி சொல்லக் கூடாது என்று அவருக்குச் சொல்லித்தருகிறார்கள். முதலில் அதிர்ச்சி. கொஞ்ச நாளில் அந்த மனிதர்களைப் பிடித்துப்போகிறது. பிடித்தவர்களின் கண்ணால் பார்க்கத் தொடங்குகிறார். அந்த உலகத்துக்கும் ஓர் ஒழுங்கு இருக்கிறது என்று தெரிகிறது.

ஹெய்ட் தீண்டாமையை ஆதரிக்கிறார் என்று நான் சொல்லவில்லை. அவர் எந்தத் திண்ணையில் உட்கார்ந்து பார்த்தார் என்று மட்டும் கேட்கிறேன். நன்றி சொல்லப்படாத அந்த வேலைக்காரர் என்ன நினைத்தார் என்பது அந்தப் பக்கங்களில் இல்லை. பந்தியில் உட்கார்ந்தவருக்குத் தூய்மை ஓர் ஒழுக்கமாகத் தெரியும். பந்திக்கு வெளியே நிற்பவருக்கு அது ஒரு கதவு. கதவின் இரண்டு பக்கமும் நின்று பார்க்காமல் கதவைப் பற்றிக் கோட்பாடு எழுதலாமா?

சரி, ஊகத்தை ஊகத்தால் மறுக்க வேண்டாம். தீண்டாமை நோய்க்குப் பயந்த இயல்பூக்கம் என்றால் அது சில காரியங்களைச் செய்ய வேண்டும், சிலவற்றைச் செய்யக் கூடாது. மூன்று இடங்களில் வைத்துப் பார்க்கலாம்.

முதலாவது மகாட். 1927 மார்ச் 20 அன்று அம்பேத்கர் தலைமையில் நம் மக்கள் சவுதார் குளத்தில் இறங்கித் தண்ணீர் குடித்தார்கள். ஆடுமாடுகள் குடித்த குளம் அது. மற்ற மதத்தவரும் புழங்கிய குளம். அப்போதெல்லாம் யாருக்கும் குமட்டவில்லை. தலித்துகள் குடித்ததும் குளம் தீட்டாகிவிட்டது. தீட்டை எப்படிக் கழித்தார்கள்? 108 பானைத் தண்ணீரை மொண்டு, அதில் சாணி, கோமியம், பால், தயிர் கலந்து, மந்திரம் சொல்லித் திரும்பக் குளத்திலேயே ஊற்றினார்கள். யோசித்துப் பாருங்கள் தோழர்களே. மனிதக் கை பட்ட தண்ணீரைச் சுத்தம் செய்ய மாட்டு மூத்திரம். பரிணாமம் தந்த மூக்கு உயிரோடு இருந்திருந்தால் இந்த இடத்தில் கத்தியிருக்க வேண்டும். சாதி அந்த மூக்கைத் தலைகீழாகத் திருகி வைத்துவிட்டது.

இரண்டாவது வட இந்தியக் கிராமங்களின் கக்கூஸ். டயான் காஃபி, டீன் ஸ்பியர்ஸ் இருவரும் 2017இல் வெளியிட்ட நூலில் ஒரு கேள்வியைத் துரத்துகிறார்கள். இந்தியாவைவிட ஏழை நாடுகளில்கூட கக்கூஸ் கட்டிப் புழங்குகிறார்கள், இங்கே மட்டும் ஏன் இத்தனை பேர் வெட்டவெளிக்குப் போகிறார்கள்? வறுமை, தண்ணீர் இல்லாமை என்ற வழக்கமான காரணங்கள் போதவில்லை. உலகம் முழுக்கப் பயன்படுகிற சின்னக் குழி சில வருசத்தில் நிரம்பும், அள்ள வேண்டிவரும். அள்ளுவது தீண்டப்படாதவர் வேலை, நம் வேலையில்லை. ஆகவே கட்டினால் அறை மாதிரி பெரிய குழி வேண்டும், அதற்குக் காசில்லை என்றால் காட்டுக்கே போகலாம். இதனால் சாவது யார்? வயிற்றுப்போக்கு வந்து அவர்கள் வீட்டுக் குழந்தைகளும்தான். தூய்மை என்று சொல்லி, ஊர் முழுக்க மலத்தைப் பரப்பி, கிருமிக்குக் கதவைத் திறந்துவிடுகிறது சாதி. மக்னீல் சொன்ன நோய் பயம் இங்கே எங்கே போனது?

வயலையும் இதோடு சேர்த்துக்கொள்ளுங்கள். நாற்று நட்ட கை, களை எடுத்த கை, கதிர் அறுத்து நெல் தூற்றிய கை எல்லாம் யார் கை? அந்தக் கை பட்ட அரிசி உலையில் கொதிக்கும்போது தீட்டில்லை. அதே கை பானையில் ஒரு செம்புத் தண்ணீர் மொண்டால் தீட்டு. அறுப்புக் காலத்தில் கண்ணை மூடிக்கொள்ளும் கிருமிக் காவல் எங்காவது உண்டா? ஆதாயம் பார்த்து வரும் குமட்டல் குமட்டல் அல்ல. அது கணக்கு.

மூன்றாவது திண்ணியம். திருச்சி மாவட்டம். 2002இல் அங்கே இரண்டு தலித்துகளை ஒருவர் வாயில் ஒருவர் காய்ந்த மலத்தைத் திணிக்க வைத்தார்கள். கொடுத்த பணத்தைத் திருப்பிக் கேட்டவருக்கு ஆதரவாக நின்றது அவர்கள் செய்த குற்றம். இதை எழுதக் கை கூசுகிறது, எழுதாமலும் இருக்க முடியவில்லை. அருவருப்பு என்ற இயல்பூக்கம் மலத்தைக் கண்டால் விலகு என்றுதான் சொல்லும். எந்த விலங்கும் பகையைத் தீர்க்க மலத்தைத் தேடிக் கொண்டுவந்து எதிரியின் வாயில் வைப்பதில்லை. தண்டித்தவர்களுக்கு அருவருப்பு இல்லாமல் இல்லை, எது மிகவும் குமட்டும் என்று அவர்களுக்கு நன்றாகத் தெரியும். தங்களுக்கும் எதிரே நிற்பவருக்கும் ஒரே மூக்கு, ஒரே குடல் என்று தெரிந்ததால்தான் அதைத் தண்டனையாகத் தேர்ந்தெடுத்தார்கள். அவர்களுக்குள் இருக்கிற மனிதன் நமக்குள்ளும் இருக்கிறான் என்பதைச் சாதி இந்து இதைவிட வெளிப்படையாக ஒப்புக்கொண்ட இடம் வேறில்லை.

ஆக, தீண்டாமை இயல்பூக்கம் அல்ல. இயல்பூக்கத்தைக் கூலிக்குப் பிடித்து வேலை வாங்குகிற ஒரு சட்டம் அது.

இந்த வித்தியாசத்தை அம்பேத்கர் 1948இலேயே பிரித்துவைத்துவிட்டார். தீண்டப்படாதோர் நூலின் தொடக்கமே இதுதான். உலகத்தில் பல சமூகங்களில் பிறப்பு, சாவு, மாதவிடாய் போன்றவற்றை ஒட்டித் தீட்டு இருந்திருக்கிறது. அது தனி ஆளுக்கு வரும், சில நாள் இருக்கும், சடங்கு முடிந்ததும் போய்விடும். இந்துக்களின் தீண்டாமை மட்டும் ஒட்டுமொத்தச் சமூகங்களுக்கு, பரம்பரைக்கு, எதனாலும் கழுவ முடியாதபடி. 1935இன் அரசாணையிலிருந்து 429 சமூகங்களின் பட்டியலை எடுத்துப் போட்டுவிட்டு, இதற்கு உலகில் இணை உண்டா என்கிறார். ரோசினும் கர்டிசும் ஆய்வுக்கூடம் போவதற்குப் பல பத்தாண்டுகள் முன்பே கேள்வியைச் சரியாகக் கேட்டவர் அவர். ஒழுக்கமும் அருவருப்பும் பற்றி எழுதும் அறிஞர்கள் இந்த நூலைப் படித்திருந்தால் திண்ணையை விட்டு இறங்கியிருப்பார்கள்.

அகமணத்தையும் இப்படித்தான் இயற்கை என்கிறார்கள். இனம் இனத்தோடுதான் சேரும் என்பது ஊர்ப்பேச்சு, அதற்கு இப்போது மரபணுச் சாயம் பூசுகிறார்கள். மரபணு சொல்வது வேறு. ஐதராபாத் செல் மற்றும் மூலக்கூறு உயிரியல் மையமும் ஹார்வர்டும் சேர்ந்து 2013இல் வெளியிட்ட ஆய்வின்படி, சுமார் 4,200 ஆண்டுகளுக்கு முன்பிருந்து 1,900 ஆண்டுகளுக்கு முன்புவரை இந்தத் துணைக்கண்டத்தின் மக்கள் பரவலாகக் கலந்திருக்கிறார்கள். பழங்குடியிலிருந்து பார்ப்பனர்வரை கலப்பில்லாதவர் இல்லை. அதற்குப் பிறகுதான் கதவு சாத்தப்படுகிறது. நம் இனத்தின் வயது சுமார் 3 லட்சம் ஆண்டு. அதில் கடைசி 2,000 ஆண்டில் போட்ட தாழ்ப்பாளை இயல்பூக்கம் என்று யார் சொல்வது? சாதி என்பது அகமணத்தால் செயற்கையாக வெட்டிய துண்டு என்று கொலம்பியாவில் 1916இல் அம்பேத்கர் படித்த கட்டுரை இதைத்தான் சொன்னது.

உண்மையான மண இயல்பூக்கம் எப்படி இருக்கும் என்பதற்கு ஒரு உதாரணம் இருக்கிறது. சின்ன வயதிலிருந்து ஒன்றாக வளர்ந்தவர்களுக்கு இடையே ஆசை வராது என்று பின்லாந்தின் வெஸ்டர்மார்க் 1891இல் எழுதினார். இயல்பிலேயே வராது என்றால் சட்டம் எதற்கு என்று ஃப்ரேசர் 1910இல் மடக்கினார். பின்னாளில் இஸ்ரேலின் கிப்புட்ஸ் கூட்டுப் பண்ணைகளைப் பார்த்தார்கள். அங்கே பிள்ளைகள் ஒரே கூடத்தில் ஒன்றாக வளர்ந்தார்கள். அவர்கள் மணந்துகொள்ள எந்தத் தடையும் இல்லை. ஆனாலும் அப்படி மணந்தவர்கள் மிக மிக அரிது. வெஸ்டர்மார்க் பக்கம் நியாயம் இருந்தது. இயல்பூக்கம் என்றால் இதுதான், தடுக்க ஆளில்லாமலே நடக்காமல் இருப்பது.

நம்ம பக்கம் பாருங்கள். 2012 நவம்பரில் ஒரு காதல் திருமணத்தைக் காரணமாக்கி தர்மபுரியில் மூன்று ஊர்களில் நம் வீடுகளைக் கொளுத்தினார்கள். 2016 மார்ச்சில் உடுமலைப்பேட்டையில் பட்டப்பகலில், நடுரோட்டில், ஊரே பார்க்க ஓர் இளைஞனை வெட்டிக் கொன்றார்கள். இத்தனைக்குப் பிறகும் பிள்ளைகள் காதலித்துக்கொண்டுதான் இருக்கிறார்கள். அங்கே தடையே இல்லை, நடக்கவில்லை. இங்கே அரிவாளே நிற்கிறது, நடக்கிறது. எது இயற்கை? சாதி ஒழுக்கம் இயல்பூக்கமாக இருந்திருந்தால் அரிவாள் துருப்பிடித்துக் கிடந்திருக்கும்.

இதைச் சொல்லிவிட்டு, எல்லாம் வெறும் கருத்துதான், எடுத்துச் சொன்னால் போய்விடும் என்று முடிக்க முடியாது. நம் இயக்கங்கள் கவனிக்க வேண்டிய இடம் இது. கற்றுக்கொண்ட அருவருப்பும் உடம்பில்தான் போய் உட்காருகிறது. முற்போக்குப் பேசுகிற நண்பர், மேடையில் கட்டிப்பிடிக்கிற நண்பர், நம் வீட்டுக் கறிக்குழம்பைப் பார்த்ததும் "இப்பத்தான் சாப்பிட்டேன்" என்கிறார். பொய் சொல்கிறார் என்று நான் நினைப்பதில்லை. அவர் மூளை கட்சி மாறிவிட்டது, வயிறு இன்னும் மாறவில்லை. டார்வினுக்கு நடந்ததுதான். வயிற்றை வாதத்தால் வெல்ல முடியாது. அது கற்றுக்கொண்ட இடத்துக்குப் போக வேண்டும்.

எங்கே கற்றுக்கொண்டது? இதற்கு நம் இலக்கியத்தில் சாட்சி இருக்கிறது. பாமாவின் கருக்கு 1992இல் வந்தது. அதில் மூன்றாம் வகுப்புப் படிக்கிற சிறுமி, தன் தெருப் பெரியவர் ஒருவர் தின்பண்டப் பொட்டலத்தைத் தொடாமல் கட்டிய நூலைப் பிடித்துத் தூக்கிக்கொண்டு போய் முதலாளியிடம் நீட்டுவதைப் பார்க்கிறாள். அவளுக்குச் சிரிப்பு வருகிறது. அண்ணன் விளக்கிச் சொன்ன பிறகுதான் சிரிப்பு கோபமாகிறது. அந்தப் பகுதியைப் பலரும் அவமானத்தின் பதிவாகவே படித்திருக்கிறார்கள். எனக்கு அந்தச் சிரிப்புதான் முக்கியம். தீண்டாமை இயற்கை என்றால் அந்தக் குழந்தைக்குப் பொட்டலம் ஏன் நூலில் தொங்குகிறது என்று யாரும் சொல்லித்தர வேண்டியிருந்திருக்காது. முதலாளி வீட்டுக் குழந்தைக்கும் யாரோ ஒருநாள் முகத்தைச் சுளித்துக் காட்டியிருக்கிறார்கள். அந்தச் சுளிப்பின் கதையை நாம் எழுத முடியாது. அவர்கள்தான் எழுத வேண்டும். எந்தச் சாதி இந்து எழுத்தாளராவது, தனக்கு யார், எந்த வயதில், எந்த முகத்தால் தீண்டாமையைச் சொல்லித்தந்தார்கள் என்று உண்மையாக எழுதினால், அது நூறு மனிதநேயக் கதைகளுக்குச் சமம். டார்வினுக்கு இருந்த நேர்மையில் பாதி போதும்.

2018இல் திருப்பூர் மாவட்டம் அவிநாசி அருகே ஓர் அரசுப் பள்ளியில் தலித் பெண் சத்துணவு சமைக்கக் கூடாது என்று சாதி இந்துக்கள் திரண்டார்கள். அதிகாரிகள் முதலில் அந்தப் பெண்ணையே இடம் மாற்றினார்கள், எதிர்ப்பு வந்த பிறகுதான் உத்தரவு திரும்பியது, வழக்குப் பதிவானது. திரண்டவர்கள் யார் என்று கவனியுங்கள், பெற்றோர்கள். பசித்த பிள்ளை சோற்றைத்தான் பார்க்கும். சமைத்தவரின் சாதியைப் பார்க்கப் பழக்குவது பெரியவர்கள். சுளிப்பு நடவு செய்யப்படும் வயது அதுதான் என்று அவர்களுக்குத் தெரியும். நமக்கும் தெரிய வேண்டும். சத்துணவுக்கூடத்தில் யார் சமைக்கிறார்கள் என்பது வேலை வாய்ப்புப் பிரச்சினை மட்டுமல்ல. அடுத்த தலைமுறையின் வயிறு அங்கேதான் உருவாகிறது. இந்த இடத்தில் அரசு ஒருமுறை பின்வாங்கினால், அந்தப் பள்ளிப் பிள்ளைகள் அத்தனை பேருக்கும் பாடம் நடத்தப்பட்டுவிடுகிறது.

அமெரிக்காவில் ஹாரிஸ், ஃபிஸ்கே என்ற இரு ஆய்வாளர்கள் 2006இல், வீடற்றவர்களின் படங்களைக் காட்டி மூளையைப் படம் எடுத்தார்கள். மனிதர்களைப் பார்க்கும்போது வேலை செய்ய வேண்டிய மூளைப்பகுதி சரியாக வேலை செய்யவில்லை, அருவருப்போடு தொடர்புள்ள பகுதி வேலை செய்தது. அடுத்த ஆய்வில், இந்த ஆளுக்குக் குறிப்பிட்ட ஒரு காய்கறி பிடிக்குமா என்று யோசிக்கச் சொன்னார்கள். அந்த ஒரு கேள்வியில் மனிதரைப் பார்க்கும் பகுதி விழித்துக்கொண்டது. எதிரே இருப்பவருக்கு விருப்பு வெறுப்பு உண்டு என்று நினைக்கக் கட்டாயப்படுத்தினால் போதும் போலிருக்கிறது. தன்வரலாறுகள் இத்தனை வருசமாக அதைத்தான் செய்கின்றன என்று நான் நினைக்கிறேன். எங்களுக்கும் பருப்புக் குழம்பு பிடிக்காமல் போகும், அதற்கு ஒரு காரணம் இருக்கும் என்று சொல்கின்றன.

கேள்வி கேட்ட மாணவருக்கு என் பதில் இதுதான். தம்பி, அருவருப்பு இயற்கை. அதை ஒழிக்க வேண்டியதில்லை, அது நம் எல்லோருடைய சொத்து. அதை ஒரு சாதியின் மீது கட்டிவைத்த கயிறு இயற்கை அல்ல. கயிற்றை அறுக்க வேண்டும். மலக்குழியில் மனிதனை இறக்குவதை 2013இன் சட்டம் தடைசெய்திருக்கிறது. செத்தால் 30 லட்சம் என்று 2023 அக்டோபரில் உச்சநீதிமன்றம் சொன்னது. சாவுக்கு விலை ஏறியிருக்கிறது, சாவு நிற்கவில்லை. இயந்திரம் கேட்கும்போது பாவம், ஏழைகள், உதவி செய்யுங்கள் என்று கேட்காதீர்கள். உங்கள் மூக்கு எதைத் தாங்காதோ அதை எங்கள் மூக்கும் தாங்காது, ஏனென்றால் இரண்டும் ஒரே மூக்கு என்று கேளுங்கள். ஆதாரம் வேண்டும் என்றால் டார்வினிலிருந்து கர்டிஸ்வரை புத்தகம் இருக்கிறது. என் அப்பத்தாவின் புகையிலைப் பையும் இருக்கிறது.